எதிரியின் முகம்

2013ஆம் ஆண்டு ஜூலை 31ஆம் நாள், அமெரிக்காவின் கலிஃபோர்னியா மாநிலத்தில், கலபாசஸ் என்னும் ஊரில், தம் இல்லத்தில், மைக்கேல் அன்சாரா என்ற முதிய நடிகர் காலமானார். அப்போது அவருக்கு வயது 91. நினைவாற்றலைச் சிறிது சிறிதாக அரித்துவிடும் அல்சைமர் நோய் அவரைப் பற்றியிருந்தது. ஐம்பதாண்டுகளுக்கு மேல் திரையிலும் தொலைக்காட்சியிலும் தோன்றிய அவர், தலைமைப் பாத்திரம் ஏற்றது மிகச் சில முறைகளே. கதாநாயகனுக்கு எதிரே நிற்கும் மனிதராகவே பெரும்பாலும் காட்சியளித்தார். இத்தகையோரைக் குணசித்திர நடிகர்கள் என்பது வழக்கம். அவர்களுடைய முகம் பலருக்கும் தெரிந்திருக்கும். பெயர் சிலருக்கே தெரிந்திருக்கும்.

மத்ரஸாவில் ஓதி, ஓதிக்கொடுத்தே தலை நரைத்த ஒருவனுக்கும் இந்த அமெரிக்க நடிகருக்கும் என்ன தொடர்பு என்று வாசகர்கள் வியக்கலாம். தொடர்பு ஏதுமில்லை, ஆனால் ஒரு கடன் உண்டு. அந்தக் கடனைச் சொல்லி முடிப்பதற்காகவே இதை எழுதுகிறேன். திரைப்படங்களுக்கு வக்காலத்து வாங்குவது என் நோக்கமன்று.

1987ஆம் ஆண்டு. அரபுக் கல்லூரியில் ஓதிக்கொண்டிருந்த நான் விடுமுறைக்கு ஊர் வந்திருந்தேன். பதினேழு வயது. துபாயிலிருந்து வந்திருந்த எங்கள் தெருக்காரர் ஒருவர் வீடியோ டெக்கும் சில கேசட்டுகளும் கொண்டுவந்திருந்தார். அவற்றுள் ஒன்று 'தி மெஸேஜ்' என்ற படம். நபிகள் நாயகம் (ஸல்) அவர்களுடைய காலத்து வரலாற்றைச் சொல்லும் படம் என்று கேள்விப்பட்டதும் தெருவே அந்த வீட்டில் திரண்டது. கூடத்தில் பாய் விரித்து ஆண்கள் அமர்ந்திருந்தோம். தட்டிக்குப் பின்னால் பெண்கள்.

அந்தப் படத்தில் நபிகளாரின் திருவுருவம் காட்டப்படவில்லை, குரலும் கேட்கவில்லை. அவர்கள் இருப்பதாகக் கொள்ளப்படும் இடத்தை நோக்கிப் பாத்திரங்கள் பேசுவர், பதில் கேட்காது, ஆனால் கேட்டவர் முகத்தில் அப்பதில் தெரியும். அத்தகைய காட்சி வரும்போதெல்லாம் தட்டிக்குப் பின்னாலிருந்து மூதாட்டிகளின் ஸலவாத் ஒலி எழுந்தது. படம் பேசியது ஆங்கிலம். எங்களில் ஒருவருக்கும் அது விளங்கவில்லை. ஆயினும் கதை எல்லாருக்கும் தெரியும் என்பதால் எவரும் எழுந்து போகவில்லை.

ஒருவேளை அரபுப் பதிப்பு கிடைத்திருந்தால் நான் சொற்களைப் பின்தொடர்ந்து போயிருப்பேன். மொழி விளங்காமையால் முகங்களைப் பார்த்தேன். அவற்றுள் ஒரு முகம் மனத்தில் தங்கிவிட்டது. அது வீரர் ஹம்ஸா (ரலி) அவர்களின் வேடமுமன்று, பிலால் (ரலி) அவர்களின் வேடமுமன்று. எதிரணியின் தலைவரான அபூ சுஃப்யான் வேடம். உயர்ந்த உருவம், ஆழ்ந்த, அடங்கிய குரல். அவர் பல்லைக் கடிக்கவில்லை, கண்ணை உருட்டவில்லை. தம் ஊரும் தம் வாணிபமும் தம் முன்னோர் வழக்கமும் கையை விட்டு நழுவுவதைக் கண்டு கவலையுறும் ஒரு பெரிய மனிதராக நின்றார்.

கல்லூரிக்குத் திரும்பியதும் செய்தி எங்கள் ஹஜ்ரத்தின் காதுக்கு எட்டிவிட்டது. அழைத்து விசாரித்தார்கள். ஒளிக்காமல் சொன்னேன். அவர்கள் அடிக்கவில்லை, ஏசவுமில்லை. சிறிது நேரம் பேசாமல் இருந்துவிட்டு, "ஒருத்தர் முகத்தை அப்படிப் பார்த்துட்டா, இனிமே கிதாபுல அந்தப் பேரு வர்றப்பவெல்லாம் அந்த முகம்தான் தம்பி வரும். உண்மையான முகம் அது இல்லையே. அதுக்குத்தான் வேணாங்குறது" என்றார்கள். அந்தச் சொல் எத்துணை உண்மை என்பதைப் பின்னர் பலமுறை உணர்ந்திருக்கிறேன். ஸீரா நூல்களில் அபூ சுஃப்யான் என்ற பெயரைக் காணும்போதெல்லாம் அந்த அமெரிக்கரின் முகமே என் முன் நிற்கும். அதை ஒரு குற்றமாகவே கருதி, பார்க்காததுபோல் கடந்துவிடுவேன்.

* * *

ஆண்டுகள் பல கடந்தன. பள்ளிவாசல் மக்தபில் மக்ரிபுக்குப் பின் சிறுவர்களுக்கு நபி வரலாறு சொல்லிக்கொடுப்பது என் பணிகளுள் ஒன்றாயிற்று. பிள்ளைகளின் கவனத்தைப் பிடித்துவைக்க ஒவ்வோர் ஆசிரியரும் ஒரு வழி வைத்திருப்பார். என் வழி அபூ சுஃப்யான். உஹதுப் போர்ப் பாடம் வரும்போது தோள் துண்டை இழுத்துப் போட்டுக்கொண்டு, நெஞ்சை நிமிர்த்தி, இல்லாத மீசையை முறுக்கி, கரகரத்த குரலில் பேசிக் காட்டுவேன். பிள்ளைகள் விழுந்து விழுந்து சிரிப்பார்கள். இப்படியே பல ஆண்டுகள் நடந்தது. அதில் பிழை இருப்பதாக எனக்குத் தோன்றியதேயில்லை.

அவ்வாண்டு வகுப்பில் ஒரு சிறுவன் இருந்தான், வயது பத்திருக்கும். அவனுடைய தகப்பனார் மஹல்லா நிர்வாகத்தின் மீது கணக்கு வழக்குத் தொடர்பாக நீதிமன்றம் சென்றிருந்தார். வழக்கின் நியாயம் எந்தப் பக்கம் என்பது இங்கே தேவையில்லை. ஊரில் அவரோடு பலர் பேச்சை நிறுத்திவிட்டார்கள். நிர்வாகத்தின் சம்பளத்தில் வாழும் நானும், அவர் எதிரே வந்தால் வேறு தெரு வழியாகச் செல்லப் பழகியிருந்தேன்.

ஒரு நாள் பாடம் முடிந்து பிள்ளைகள் ஓடிவிட்டார்கள். அவன் மட்டும் கிதாபை மார்போடு அணைத்தபடி நின்றான்.

"ஹஜ்ரத், அபூ சுஃப்யான்னு சொன்னா ரலியல்லாஹு அன்ஹு சொல்லணுமா?"

திகைத்துப் போனேன். "ஆமாம் வாப்பா. பிறகு ஈமான் கொண்டாங்கல்ல, சொல்லணும்" என்றேன்.

"நீங்க ஒரு நாளும் சொன்னதில்லையே ஹஜ்ரத். இவனுங்க எங்க வாப்பாவ அபூ சுஃப்யான்னு கூப்பிடுறானுங்க."

அவன் அழவில்லை. கேட்டுவிட்டு ஸலாம் சொல்லிப் போய்விட்டான். நான் பள்ளிவாசலின் தூணோரம் உட்கார்ந்துவிட்டேன். என் ஹஜ்ரத் எதை வேண்டாம் என்றார்களோ அதையே நான் ஆண்டுக்காண்டு செய்துவந்திருக்கிறேன். ஒரு நபித்தோழரின் வேடத்தை நானும் போட்டிருக்கிறேன். ஒரே வேற்றுமை, அந்த அமெரிக்க நடிகர் அவ்வேடத்தை மரியாதையோடு போட்டார்; நான் அதைக் கோமாளியாக்கினேன்.

அன்றிரவு, இத்தனை காலம் தள்ளி வைத்திருந்த முகத்தை நானாகவே வரவழைத்தேன். யார் அவர்? எங்கிருந்து வந்தார்? எதிரியைப் பழிக்காமல் எதிரியாக நிற்க அவர் எங்கே கற்றார்? ஆங்கிலம் படித்த என் மகளிடம் கேட்டேன். இரண்டு நாளில் கைப்பேசியோடு வந்து, "வாப்பா, இவரத்தானே கேட்டீங்க?" என்றாள். அந்த முகமேதான். பிறகு சில வாரங்கள் அவள் படித்துச் சொல்ல, நான் கேட்டுக்கொண்டேன்.

* * *

அன்சாரா என்ற பெயரைக் கேட்டதும் அன்ஸாரிகளின் வழியினரோ என்று ஒரு கணம் மகிழ்ந்தேன். மைக்கேல் ஜார்ஜ் அன்சாரா என்ற முழுப்பெயர் அம்மகிழ்ச்சியைக் கலைத்தது. எனினும் பிறந்த மண்ணைப் பொறுத்தவரை என் மனம் முற்றிலும் தவறிவிடவில்லை. 1922ஆம் ஆண்டு ஏப்ரல் 15ஆம் நாள் அவர் பிறந்தது சிரியாவின் சிற்றூர் ஒன்றில். அதாவது, குறைஷிகளின் வாணிபக் கூட்டங்கள் கோடைதோறும் நாடிச் சென்ற அதே ஷாம் தேசம். இரண்டு வயதுக் குழந்தையாக அமெரிக்கா சென்றார். மாசசூசெட்ஸ் மாநிலத்தில், பருத்தி ஆலைகளுக்குப் பேர்போன லோவெல் நகரில் சில ஆண்டுகள் வளர்ந்து, பின் குடும்பத்தோடு கலிஃபோர்னியா சேர்ந்தார்.

மருத்துவராக வேண்டும் என்பதே அவரது இளமை விருப்பம். இயல்பிலேயே கூச்சம் மிகுந்தவர். அக்கூச்சத்தைப் போக்கிக்கொள்ள நடிப்பு வகுப்பில் சேர்ந்தவர், அங்கேயே நிலைத்துவிட்டார். பேசத் தயங்கிய ஒருவர், பேசக் கற்ற பிறகும் அந்தத் தயக்கத்தின் ஒரு துளியைத் தம் குரலில் வைத்துக்கொண்டார் என்று எனக்குத் தோன்றுகிறது. அவர் குரலில் இருந்த அடக்கத்துக்கு வேறு விளக்கம் எனக்குக் கிடைக்கவில்லை.

கறுத்த முடி, ஆழ்ந்த கண், மாநிறம், ஆறடிக்கு மேற்பட்ட உயரம். அக்காலத்து ஹாலிவுட்டில் இந்த முகம் ஒரு தீர்ப்பைப் போன்றது. வெள்ளை இனத்து நாயகனாக அவரை எவரும் எண்ணவில்லை. வேற்று இனத்தவர், வேற்று நாட்டவர், வேற்றுச் சமயத்தவர் எவர் தேவைப்பட்டாலும் அவரை அழைத்தார்கள். 1953ஆம் ஆண்டில் மட்டும் பாருங்கள். 'ஜூலியஸ் சீசர்' படத்தில் காஷியஸின் அடிமை பிண்டாரஸ் அவர். அதே ஆண்டு வெளிவந்த 'தி ரோப்' படத்தில், ஈஸா நபி (அலை) அவர்களைக் காட்டிக்கொடுத்தவன் என்று கிறிஸ்தவர்கள் கூறும் யூதாஸ். நடிகர் பெயர்ப் பட்டியலில் இடம்பெறாத சிறு வேடம் அது. 1956இல் மூஸா நபி (அலை) அவர்களின் வரலாற்றைத் தழுவிய 'தி டென் கமாண்ட்மென்ட்ஸ்' படத்தில், பனூ இஸ்ராயீல் மக்களை வதைத்து வேலை வாங்கும் கண்காணிகளுள் ஒருவர். அடிமை, துரோகி, கொடுங்கண்காணி என்று மூன்றே ஆண்டுகளில் மூன்று வேடங்கள்!

அவருக்குப் புகழ் தந்ததும் வேற்றினத்தார் வேடமே. 1956 முதல் 1958 வரை 'புரோக்கன் ஆரோ' என்ற தொலைக்காட்சித் தொடரில் கோச்சீஸ் என்ற அப்பாச்சிப் பழங்குடித் தலைவராக நடித்தார். கோச்சீஸ் கற்பனைப் பாத்திரமல்லர். அமெரிக்கப் படையோடு பல்லாண்டு போரிட்டு, டாம் ஜெஃபர்ட்ஸ் என்ற வெள்ளையரின் நட்பால் 1872இல் உடன்படிக்கை செய்துகொண்டு, 1874இல் இறந்த உண்மைத் தலைவர். அப்பாச்சி மக்களுள் ஒருவரை அழைக்காமல், சிரியாவில் பிறந்த ஒருவரை அந்த வேடத்துக்கு வைத்தது அநீதியே. அந்த அநீதிக்குள்ளும் அன்சாரா ஒன்று செய்தார். காட்டுமிராண்டி என்று கண்டு பழகிய சிறுவர்களின் கண்முன், வாக்குத் தவறாத, சொல்லை எண்ணிப் பேசுகிற ஒரு மனிதரை நிறுத்தினார்.

அதிலும் அவர் நிறைவடைந்துவிடவில்லை. பின்னர் ஒரு பேட்டியில், கோச்சீஸுக்கு இரண்டே வேலைதான் இருந்தது, கையைக் கட்டிக்கொண்டு கம்பீரமாக நிற்பதும் கையைத் தொங்கவிட்டுக்கொண்டு கம்பீரமாக நிற்பதும், என்ற கருத்துப்பட நகைத்திருக்கிறார். என் மகள் இதைப் படித்துச் சொன்னபோது சிரித்தேன், பிறகு சிந்தித்தேன். எதிரியை இழிவாகக் காட்டுவது ஒரு பொய் என்றால், அவனை வெறும் சிலையாக உயர்த்தி நிறுத்துவதும் இன்னொரு பொய். கோபமும் ஆசையும் அச்சமும் கொண்ட மனிதன் இரண்டிலும் காணாமற்போகிறான். அதை அந்த நடிகர் அறிந்திருந்தார்.

1959இல் தொடங்கிய 'லா ஆஃப் தி பிளெயின்ஸ்மன்' தொடரில் அவருக்குத் தலைமைப் பாத்திரம் கிட்டியது. அங்கும் அவர் அப்பாச்சியே; ஆனால் ஹார்வர்ட் பல்கலைக்கழகத்தில் படித்து, சட்டக் காவலராகப் பணிபுரியும் அப்பாச்சி. ஓராண்டோடு அத்தொடர் முடிந்துபோயிற்று. மீண்டும் பழைய வழி. 1965இல் பாடகர் எல்விஸ் பிரெஸ்லி நடித்த 'ஹாரம் ஸ்காரம்' படத்தில் சூழ்ச்சிக்கார இளவரசர். அரபு நாடு என்ற பெயரில் ஹாலிவுட் கட்டிய பொய்த் தேசத்தில், அரபு மண்ணில் பிறந்தவர் பொய் அரபியாக நடித்தார். 1958இல் அவர் மணந்த பார்பரா ஈடன் பின்னாளில் 'ஐ டிரீம் ஆஃப் ஜீனி' தொடரில் ஜின் வேடத்தால் பெரும்புகழ் பெற்றார். அத்தொடரில், அந்தப் பெண்ணைக் குப்பியில் அடைத்த கொடிய நீல ஜின்னாக 1966இல் கணவரே வந்தார். அவர்களுடைய மணவாழ்க்கை 1974 வரை நீடித்தது.

ஆனால் இன்றும் அவரை நினைவுகூர்வோர் பெரும்பாலும் முதலில் சொல்வது வேறொரு வேடத்தை. 'ஸ்டார் டிரெக்' என்ற விண்வெளித் தொடரில் மனிதர்களின் பகைவராக வரும் கிளிங்கான் இனத்தின் தளபதி காங். 1968 நவம்பரில் ஒளிபரப்பான அக்கதையை மகள் போட்டுக் காட்டினாள். ஒரே கப்பலில் சிக்கிய இரு தரப்பினரும் வாளெடுத்துப் போரிடுகிறார்கள். வெட்டுண்டவரின் காயம் ஆறுகிறது, மறுபடி போர். இரு தரப்பின் வெறுப்பையே உணவாக உண்டு கொழுக்கும் ஓர் உரு அக்கப்பலில் புகுந்து, போர் ஓயாதபடி பார்த்துக்கொள்கிறது. இறுதியில் நாயகர் வாளை எறிகிறார். எதிரித் தளபதி தயங்குகிறார். அந்தத் தயக்கத்தில் அன்சாராவின் முகத்தைப் பார்க்க வேண்டும். பகை மறைந்துவிடவில்லை, அன்பு பிறந்துவிடவுமில்லை. தம்மைப் பிறர் ஆட்டிவைக்க விடலாகாது என்ற தன்மானம் ஒன்றே வாளைக் கீழே போடவைக்கிறது. இருவரும் சிரிக்கிறார்கள். வெறுப்பை உண்ட உரு பசியோடு வெளியேறுகிறது.

விண்வெளிக் கதைகளில் எனக்கு நாட்டமில்லை. ஆயினும் ஷைத்தானின் வேலை இன்னதென்று நான் பிள்ளைகளுக்குச் சொல்லும் பாடம் அதில் இருப்பதை மறுக்க இயலவில்லை. 26 ஆண்டுகளுக்குப் பின், 1994இல், அதே தளபதியாக முதுமைக் கோலத்தில் அவர் மீண்டும் தோன்றினார். இடையே 1992இல் சிறுவர்களுக்கான 'பேட்மேன்' சித்திரத் தொடரில், நோயுற்ற மனைவியை உறைபனியில் காத்துவைத்திருக்கும் மிஸ்டர் ஃப்ரீஸ் என்ற குற்றவாளிக்குக் குரல் மட்டும் கொடுத்தார். உணர்ச்சியற்ற குரல், ஆனால் அதன் அடியில் ஒரு கணவனின் துயரம். முகமே இல்லாதபோதும் எதிரிக்கு ஓர் உள்ளம் உண்டு என்பதைக் காட்ட அவருக்கு முடிந்தது.

* * *

இந்த வாழ்க்கைக்கு நடுவில்தான் 1976ஆம் ஆண்டின் 'தி மெஸேஜ்' வருகிறது. அதை இயக்கிய முஸ்தஃபா அக்காதும் ஷாம் தேசத்தவரே. 1930இல் ஹலப் நகரில் பிறந்து அமெரிக்கா சென்ற முஸ்லிம். அவர் ஒரே படத்தை இரு குழுவினரைக் கொண்டு ஆங்கிலத்திலும் அரபியிலும் தனித்தனியே எடுத்தார். ஆங்கிலத்தில் ஹம்ஸா (ரலி) வேடம் ஆன்டனி குவின். அரபியில் அப்துல்லாஹ் கைஸ். ஆங்கிலத்தில் அபூ சுஃப்யான் வேடம் அன்சாரா. அரபியில் ஹம்தி கைஸ். மொராக்கோவில் தொடங்கிய படப்பிடிப்பு லிபியாவில் முடிந்தது.

உலமாக்களிடையே அப்படத்தைப் பற்றிக் கடும் கருத்து வேறுபாடு எழுந்தது. அதற்கு மார்க்க அடிப்படையில் காரணங்கள் உண்டு. என் ஹஜ்ரத்தின் சொல்லும் அவற்றுள் ஒன்று. ஆனால் நபிகளாரின் வேடத்தில் யாரோ நடித்திருக்கிறார்கள் என்ற பொய்யான வதந்தியும் கூடவே பரவியது. 1977 மார்ச்சில் வாஷிங்டன் நகரில் ஆயுதம் ஏந்திய ஒரு குழுவினர் மூன்று கட்டடங்களைக் கைப்பற்றி மக்களைச் சிறைவைத்தபோது, இப்படத்தை நிறுத்த வேண்டும் என்பதும் அவர்களுடைய கோரிக்கைகளுள் ஒன்றாயிற்று. 2005 நவம்பரில், அம்மான் நகரத் தங்கும் விடுதிகளில் நடந்த குண்டுவெடிப்பில் அக்காதும் அவருடைய மகளும் உயிரிழந்தார்கள். குண்டு வைத்தவர்கள் இஸ்லாத்தின் பெயரைச் சொன்னவர்கள். எதிரே நிற்பவரின் முகத்தைப் பாராத வெறுப்பு எங்கே கொண்டுபோய் விடுகிறது என்பதற்கு இதைவிடக் கசப்பான சான்று வேண்டியதில்லை.

அப்படத்தை மகளோடு அமர்ந்து மீண்டும் ஒருமுறை பார்த்தேன். இம்முறை அவள் பொருள் சொன்னாள். பதினேழு வயதில் மொழி தெரியாமல் கண்டது பிழையில்லை என்று உறுதியாயிற்று. யூதாஸ் முதல் காங் வரை அவர் பழகிய அனைத்தும் அந்த ஒரு வேடத்தில் வந்து கூடியிருந்தன. கோச்சீஸின் சிலைத்தன்மை இல்லை. 'ஹாரம் ஸ்காரம்' இளவரசரின் சூழ்ச்சிப் புன்னகையும் இல்லை. தோற்கப்போவதை அறிந்தும் தம் மக்களைக் கைவிடாத ஒரு தலைவரின் களைப்பு இருந்தது.

பிறகு கிதாபுகளைத் திறந்தேன். நான் மறந்திருந்ததெல்லாம் அங்கேயே இருந்தது.

புகாரியின் தொடக்கத்திலேயே ஹிரக்ல் மன்னரின் ஹதீஸ் வருகிறது. அதை ஓதாமல் எந்த மவ்லவியும் வெளியே வருவதில்லை. ஷாம் தேசத்துக்கு வாணிபத்துக்காகச் சென்ற அபூ சுஃப்யான் அவர்களை ரோமப் பேரரசர் அழைத்து, நபிகளாரைப் பற்றி வினவுகிறார். அப்போது அவர்கள் பகைவர். பொய் சொன்னால் இலாபம். ஆனால் உடன் வந்தோர் தம்மைப் பொய்யர் என்று சொல்லிவிடுவார்களே என்ற நாணம் தடுத்ததாக அவர்களே பின்னாளில் ஒப்புக்கொள்கிறார்கள். கேள்விக்குக் கேள்வி உண்மையே சொல்லி, வாக்குறுதியை அவர் மீறுவாரா என்ற வினாவுக்கு மட்டும், இதுவரை மீறியதில்லை, இப்போதுள்ள உடன்படிக்கையில் என்ன செய்வாரோ தெரியாது என்று ஒரு சிறு ஐயத்தைச் செருகுகிறார்கள். அதைவிட அதிகமாகச் சொல்ல இடம் கிடைக்கவில்லை என்பதையும் மறைக்கவில்லை. பகைவரைப் பற்றி இத்துணை நேர்மையாகச் சாட்சி சொன்ன ஒருவரையா நான் மீசை முறுக்கிக் காட்டினேன்?

உடன்படிக்கை முறிந்தபின் அவர்கள் மதீனா சென்றதையும் ஸீரா நூல்கள் சொல்லும். நபிகளாரின் துணைவியரான தம் மகள் உம்மு ஹபீபா (ரலி) அவர்களின் இல்லத்தில் நுழைந்து விரிப்பில் அமரப் போகிறார்கள். மகள் அந்த விரிப்பைச் சுருட்டிவிடுகிறார்கள். ஈமானின் உறுதிக்குச் சான்றாக இதைப் பலமுறை பயானில் சொல்லியிருக்கிறேன். நின்றுகொண்டிருந்த அந்தத் தகப்பனின் முகத்தை ஒருமுறையும் எண்ணிப் பார்த்ததில்லை.

ஹிஜ்ரி 8, ரமளான். மக்காவுக்கு அருகே பத்தாயிரம் பேரின் பாசறை. இரவில் அதன் நெருப்புகளைக் கண்டு திகைத்த அபூ சுஃப்யான் அவர்களை அப்பாஸ் (ரலி) அவர்கள் நபிகளாரின் கோவேறு கழுதையில் ஏற்றி நபிகளாரிடம் அழைத்து வருகிறார்கள். தூதுத்துவத்தைப் பற்றி உள்ளத்தில் இன்னும் சிறிது ஐயம் இருப்பதாக, வாளேந்தியவர்கள் சூழ நிற்கையிலும் அவர்கள் உள்ளதை உள்ளபடி சொன்னதாக வரலாறு கூறுகிறது. பின்னரே கலிமா மொழிந்தார்கள். அப்போது அப்பாஸ் (ரலி) அவர்கள், இவர் மதிப்பை விரும்பும் மனிதர், இவருக்கென ஏதேனும் ஒன்று தாருங்கள் என வேண்டுகிறார்கள். நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் அதை ஏற்று, அபூ சுஃப்யானின் வீட்டில் நுழைபவர் பாதுகாப்புப் பெற்றவர் என்று அறிவிக்கச் செய்கிறார்கள்.

இருபது ஆண்டு எதிர்த்தவரின் வாசற்படியை ஊருக்கே அடைக்கலமாக்கினார்கள். தோற்றவரின் தன்மானத்தைக் காயப்படுத்தாமல் வென்றார்கள். அந்த எதிரி ஒரு கோமாளியாக இருந்திருந்தால் இந்தக் கருணைக்கு என்ன எடை இருக்கும்? எதிரியைச் சிறுமைப்படுத்திய நான், என்னை அறியாமலே என் நாயகத்தின் பெருந்தன்மையையும் பிள்ளைகள் கண்ணில் சிறிதாக்கிவிட்டேன். இதுவே அந்த நடிகர் எனக்குச் சுட்டிய பிழை.

* * *

அடுத்த வாரம் வகுப்பில் அந்தப் பாடத்தை முதலிலிருந்து சொன்னேன். துண்டு தோளிலேயே கிடந்தது. பிள்ளைகள் சிரிப்பை எதிர்பார்த்துக் காத்திருந்தார்கள். நான் பெயர் சொல்லும்போதெல்லாம் ரலியல்லாஹு அன்ஹு என்றேன். உஹதுப் போரைச் சொல்லும்போதும் சொன்னேன். "இத்தனை வருஷமா ஹஜ்ரத் தப்பாச் சொல்லிக்கொடுத்துட்டேன்" என்று அவர்களிடமே ஒப்புக்கொண்டேன். ஒரு பையன், "அப்போ அவங்க கெட்டவங்க இல்லையா ஹஜ்ரத்?" என்றான். எதிர்த்துப் போரிட்டது தவறு, ஆனால் பொய்யர் அல்லர், பிறகு தோழரானார்கள் என்றேன். பிள்ளைகளுக்கு அது எளிதில் விளங்கியது. எனக்குத்தான் இத்தனை ஆண்டு பிடித்தது.

இன்னொரு வேலையும் இருந்தது. அது வகுப்பறைக்கு வெளியே. அந்தச் சிறுவனின் வீட்டுக்குப் போனேன். இஷா முடிந்து ஆட்கள் நடமாடும் நேரத்தில், எல்லாரும் காணும்படிதான் போனேன். கதவைத் திறந்த அவனுடைய தகப்பனார் சற்று நேரம் ஒன்றும் பேசவில்லை. பிறகு, "வாங்க ஹஜ்ரத்" என்று நாற்காலியை இழுத்துப் போட்டார். வழக்கைப் பற்றி நானும் பேசவில்லை, அவரும் பேசவில்லை. தேநீர் வந்தது. அந்தப் பையன் வாசலில் நின்று எங்கள் இருவரையும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டிருந்தான்.

மறுநாள் நிர்வாகத்தில் என்னை விசாரித்தார்கள். பிள்ளைக்குப் பாடம் சொல்லிக்கொடுப்பவன் பிள்ளையின் வீட்டுக்குப் போனேன் என்று சொன்னேன். சிலருக்கு அது பிடிக்கவில்லை. வழக்கு இன்னும் முடியவில்லை. ஆனால் நான் தெரு மாறிச் செல்வதை விட்டுவிட்டேன்.

என் ஹஜ்ரத் வஃபாத்தாகிப் பல ஆண்டுகள் ஆகின்றன. அவர்களுடைய எச்சரிக்கையை நான் இன்றும் மதிக்கிறேன். நபித்தோழர்களின் உண்மை முகத்தை எந்த நடிகரும் காட்ட இயலாது, அன்சாராவும் காட்டவில்லை. அவர் காட்டியது வேறு. ஒரு மனிதனை எதிரி என்று அழைத்த பிறகும் அவனை மனிதனாகப் பார்க்க முடியும் என்பதை, வாழ்நாள் முழுவதும் எதிரிகளின் வேடமே கிடைத்த ஒருவர் தம் தொழிலில் காட்டினார். கடைசி ஆண்டுகளில் அவரது நினைவு மங்கியது. எத்தனை வேடங்கள் அதில் எஞ்சியிருந்தனவோ, அல்லாஹ்வே அறிவான்.

இப்போதும் கிதாபில் அந்தப் பெயர் வரும்போது அந்த முகம் வரத்தான் செய்கிறது. முன்போல் நான் அதைத் தள்ளுவதில்லை. இது உண்மை முகமன்று என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டு, ரலியல்லாஹு அன்ஹு என்று ஓதிவிட்டு, அடுத்த வரிக்குப் போகிறேன்.